இன்றும் தயார்

பெரிய டீச்சர் வீட்டுக் கூடத்தை ஃப்ரேம்காரர் டேப் வைத்து அளந்தபோது இருபத்தொன்றரை அடி வந்தது. மனுஷன் நம்பவில்லை. டேப்பின் முனையை மனைவியிடம் கொடுத்துவிட்டு எதிர்ச்சுவர் வரை நடந்து மறுபடி அளந்தார். அதே இருபத்தொன்றரை. மூன்றாம் தடவை, வீட்டை விற்க இருந்த டீச்சரையே முனையைப் பிடிக்கச் சொன்னார். முப்பது வருஷம் தலைமை ஆசிரியையாக இருந்தவருக்கு, தன் கூடத்தில் தன்னையே மாணவி மாதிரி நிறுத்தியது பிடிக்கவில்லை.

"எத்தனை தடவை அளந்தாலும் என் வீட்டுச் சுவர் நகராதுங்க" என்றார்.

"நகர வேண்டாம் டீச்சர். அது அங்கேயே இருக்கணும்னுதான் வாங்குறோம்" என்றார் ஃப்ரேம்காரர்.

புருஷனும் பெண்டாட்டியும் சேர்ந்து மூக்குக்கண்ணாடிக் கடை நடத்தினார்கள். கண்ணைப் பரிசோதிப்பது அவள் வேலை; அதனால் தெருவுக்கே அவள் டெஸ்ட் அக்கா. லென்ஸை வெட்டிச் சட்டத்தில் பொருத்துவது அவர் வேலை. அதனால் அவர் ஃப்ரேம்காரர். கண் பரிசோதிக்க, உட்கார்ந்திருப்பவருக்கும் எழுத்துப் பலகைக்கும் நடுவே இருபது அடி வேண்டும். நாற்காலிக்கு ஒன்றரை அடி. ஆக இருபத்தொன்றரை. அவர்கள் வாடகைக்கு இருந்த கடையோ மொத்தமே பத்தரை அடி.

பத்தரை அடிக்குள் இருபது அடியை அடைக்க ஒரு வழி உண்டு. எழுத்துப் பலகையை உட்கார்ந்தவரின் தலைக்குப் பின்னால் மாட்டிவிட்டு, எதிரே ஒரு நிலைக்கண்ணாடியை வைக்க வேண்டும். பலகையில் எழுத்துகள் தலைகீழாக இல்லை, இடம்வலம் மாறி அச்சாகியிருக்கும். நிலைக்கண்ணாடியில் பார்த்தால் நேராகத் தெரியும். போக ஒரு பத்தடி, வர ஒரு பத்தடி. கணக்கு சரி. மனிதர்கள்தான் சரியில்லை. பாதிப் பேர் கழுத்தைத் திருப்பிப் பலகையை நேராகப் பார்த்து, "ஏங்க, எழுத்தெல்லாம் தப்பா அடிச்சிருக்கே" என்பார்கள். பிள்ளைகள் நிலைக்கண்ணாடியைப் பார்த்து நாக்கைத் துருத்துவார்கள். ஒரு ஜவுளிக்கடை முதலாளியிடம் மூன்றாவது வரியில் என்ன தெரிகிறது என்று கேட்டதற்கு, "நரை தெரியுதும்மா" என்றார்.

பன்னிரண்டு வருஷம் அக்கா அந்த நிலைக்கண்ணாடியோடு மல்லுக்கட்டினாள். ஒரே ஒரு தடவையாவது ஒருவரை நேராக உட்கார வைத்து, நேரான எழுத்தை, நேரான தூரத்தில் படிக்கச் சொல்ல வேண்டும். அவளுக்கு வாழ்க்கையில் வேறு பெரிய ஆசை என்று ஒன்றும் இருந்ததாக நினைவில்லை.

ஒப்பந்தம் எழுதியாயிற்று. முன்பணம் கொடுத்தாயிற்று. ஆறு மாதத்தில் மீதியைக் கொடுத்துக் கிரையப் பத்திரம் பதிவு செய்துகொள்வதாகப் பேச்சு. அன்று வீடு திரும்பும் வழியெல்லாம் ஃப்ரேம்காரர் அடிக்கொரு தடவை நின்று, இந்தக் கம்பத்துக்கும் அந்தக் குழாய்க்கும் இருபதடி இருக்கும், அந்த மாட்டுக்கும் இந்தப் பெஞ்சுக்கும் இருபதடி இருக்கும் என்று காட்டிக்கொண்டே வந்தார். மாடு நகர்ந்துவிட்டது. அதற்கும் சிரித்தார்.

மூன்றாவது வாரம் செக்கர் வந்தார்.

செக்கர் என்பவர் டீச்சரின் உடன்பிறந்த தம்பி. பேருந்தில் சீட்டுப் பரிசோதகராக இருந்து ஓய்வு பெற்றவர். இன்னமும் யாரைப் பார்த்தாலும் முதலில் அவர் கண் அவர்கள் கையைத்தான் பார்க்கும், சீட்டு இருக்கிறதா என்று. வந்தவர் சட்டைப்பையிலிருந்து சுண்ணாம்புக்கட்டியை எடுத்து, கூடத்தின் நட்டநடுவில், இந்தச் சுவரிலிருந்து அந்தச் சுவர் வரை ஒரு கோடு கிழித்தார். அந்தப் பக்கம் என் அக்கா டீச்சருக்கு, இந்தப் பக்கம் எனக்கு என்றார்.

விஷயம் இதுதான். வேலைக்குச் சேர்ந்த முதல் மூன்று வருஷச் சம்பளத்தை அவர் அப்படியே அப்பா கையில் கொடுத்தாராம். அந்தப் பணமும் சேர்ந்துதான் இந்த வீடு வாங்கியதாம். பொறுப்பானவள் என்று டீச்சர் பேரில் பத்திரம் போட்ட அப்பா, "உனக்கும் பாதிடா" என்று வாயால் சொன்னாராம். வாயால்தான். காகிதத்தில் ஒரு எழுத்துக் கிடையாது.

டீச்சர் துடைப்பார். தம்பி மறுபடி கிழிப்பார். டீச்சர் துடைப்பார். இப்படியே ஒரு வாரம் போனபின் டீச்சர் கடைக்கு வந்து, முன்பணத்தைத் திருப்பித் தந்துவிடுகிறேன், ஒப்பந்தத்தை மறந்துவிடுங்கள் என்றார். அவர் விலை ஏற்றப் பார்க்கிறார் என்று நினைத்தால் அது பாவம். அவருடைய கோளாறே வேறு.

"அப்பா சொன்னாரோ சொல்லலையோ, எனக்குத் தெரியாது. தெரியாத ஒண்ணைத் தெரிஞ்ச மாதிரி கையெழுத்துப் போட்டு உங்க தலையில கட்ட மாட்டேன். கெட்டுப்போன பொருளை விக்கிற வழக்கம் எனக்கு இல்லை."

"நாங்க கெட்டுப்போனதுன்னு சொல்லலையே டீச்சர்" என்றாள் அக்கா.

"நான் சொல்றேன்ல" என்றார் டீச்சர்.

அவர் போனபின் அக்காவுக்கு அழுகைதான் வந்தது. பாதி போனால் பத்தே முக்கால் அடி; மறுபடியும் நிலைக்கண்ணாடி. ஃப்ரேம்காரர் ஒரு காகிதத்தில் கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டு, "இந்தாம்மா, அழாத. பாதி போனாலும் இந்தக் கடையைவிடக் கால் அடி லாபம்" என்றார். அழுதுகொண்டிருந்தவளுக்குச் சிரிப்பு வந்து, புரையேறி, வெளியே காத்திருந்த ஆள் எட்டிப் பார்க்கும்படி ஆகிவிட்டது.

வக்கீலம்மா அவர்களுடைய பழைய வாடிக்கை. கண்ணாடியைக் கழற்றினால் எதிரே இருப்பது ஆளா அலமாரியா என்று தெரியாது. சட்டத்தில் மட்டும் தூரத்துப் புள்ளிகூடத் தப்பாது. விவரம் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு தெளிவாகச் சொன்னார். விற்பதாக ஒப்பந்தம் போட்டவர் விற்க மறுத்தால், பத்திரம் எழுதிக்கொடு என்று நீதிமன்றம் உத்தரவு போட முடியும். தம்பி உரிமை கேட்கிறார் என்பது தனிச் சண்டை; அதை அவர் தனியாகப் போட்டுக்கொள்ளட்டும். டீச்சருக்கு என்ன உரிமை உண்டோ அதை உள்ளபடியே வாங்கிக்கொள்கிறோம் என்று நாம் சொன்னால் போதும்.

"ஆனா ஒண்ணு" என்று விரலைத் தூக்கினார். "ஒப்பந்தம் போட்ட நாள்ல இருந்து தீர்ப்பு வர்ற நாள் வரைக்கும், நாங்க பணத்தோட தயாரா இருந்தோம், வாங்க விருப்பமா இருந்தோம்னு காட்டணும். நடுவுல ஒரு நாள்கூடத் தளர்ந்தோம்னு இருக்கக் கூடாது."

வங்கிப் புத்தகத்தையும் ஒன்றிரண்டு கடிதங்களையும் மனதில் வைத்துத்தான் வக்கீலம்மா சொன்னார். உலகத்தில் வேறு யார் கேட்டிருந்தாலும் அப்படித்தான் எடுத்துக்கொண்டிருப்பார்கள். ஃப்ரேம்காரர் அரை மில்லிமீட்டர் பிசகினால் லென்ஸ் சட்டத்தில் உட்காராத தொழில் செய்பவர். தயார் என்றால் தயார் என்றுதான் அவருக்கு அர்த்தம்.

கடைக்கு வியாழக்கிழமை விடுமுறை. அடுத்த வியாழன் காலை அவர் கல்யாணத்துக்குப் போகிறவர் மாதிரி நீலச் சட்டையைத் தேய்த்துப் போட்டுக்கொண்டார். அக்காவையும் நல்ல புடவை கட்டச் சொன்னார். பையில் ஒப்பந்தம், வங்கிப் புத்தகம், இருவரின் படங்கள், பேனா, அது எழுதாவிட்டால் இன்னொரு பேனா. சாட்சிக் கையெழுத்துக்குப் பக்கத்துக் கடைத் தையல்காரரும் லென்ஸ் கம்பெனி விற்பனைக்காரரும். நால்வருமாகப் பத்திரப்பதிவு அலுவலகத்துக்குப் போய், வாசல் பெஞ்சில் பத்து மணிக்கு உட்கார்ந்தார்கள். டீச்சர் மனம் மாறி வந்தால் அந்த நிமிஷமே பதிவு செய்துவிடலாம். டீச்சர் வரவில்லை. ஐந்து மணிக்கு எழுந்து வீட்டுக்கு வந்தார்கள்.

அக்கா இதை ஒரு நாள் கூத்து என்று நினைத்தாள். அறுபத்தொரு வியாழன் நடந்தது.

வந்ததற்கு அத்தாட்சி வேண்டுமே என்று ஃப்ரேம்காரர் அலுவலக எழுத்தரிடம் ஒரு ரசீது கேட்டார். உட்கார்ந்ததற்கெல்லாம் ரசீது கொடுப்பதில்லை என்று அவர் விரட்டிவிட்டார். அதனால் தன்னிடம் இருந்த காகிதத்தையே எடுத்தார். கடையில் கண் பரிசோதித்து எழுதிக்கொடுக்கும் அட்டை. தேதி போட்டு, வலது கண்: இன்றும் தயார், இடது கண்: இன்றும் தயார் என்று எழுதி, பரிசோதித்தவர் என்ற இடத்தில் அக்காவைக் கையெழுத்துப் போடச் சொன்னார். கீழே, குறிப்பு என்ற இடம் காலியாக இருந்தால் அவருக்குப் பொறுக்காது. மழை என்றோ, தையல்காரர் தூங்கிவிட்டார் என்றோ, இன்று பெஞ்சின் ஒரு கால் ஆடுகிறது என்றோ எதையாவது எழுதுவார்.

அந்த நீலச் சட்டை காலர் நைந்து இரண்டு தடவை திருப்பித் தைக்கப்பட்டது. இப்போது பெட்டியில் இருக்கிறது. வருஷத்துக்கு ஒரு தடவை அக்கா அதை வெயிலில் போட்டு எடுத்து வைக்கிறாள்.

இரண்டாவது வியாழனே செக்கரும் அங்கே வந்துவிட்டார். இவர்கள் டீச்சரைச் சரிக்கட்டி, தனக்குத் தெரியாமல் பதிவு செய்துவிடுவார்கள் என்று அவருக்குச் சந்தேகம். பெஞ்சின் மறுமுனையில் உட்கார்ந்து, சின்ன நோட்டை எடுத்து, இவர்கள் வந்த நேரம் போன நேரம் எல்லாவற்றையும் குறித்துக்கொண்டார். முதல் மாதம் இரண்டு தரப்பும் முகம் பார்க்கவில்லை. இரண்டாம் மாதம் ஃப்ரேம்காரர் டீ வாங்கும்போது ஒன்று கூடச் சொன்னார். செக்கர் அதை வாங்கிக்கொண்டு, டீ குடித்தால் பாதியை விட்டுக்கொடுத்ததாக ஆகாது என்று அறிவித்துவிட்டுத்தான் வாயில் வைத்தார். ஐந்தாம் மாதம், இவர்கள் வரத் தாமதமானால் பெஞ்சில் துண்டைப் போட்டு இடம் பிடித்து வைக்கிற அளவுக்கு வந்துவிட்டார்.

"என்ன செக்கரே, எங்களை உள்ள விடக் கூடாதுன்னு வந்துட்டு எங்களுக்கே இடம் பிடிக்கிறீங்க" என்று அக்கா சீண்டுவாள்.

"டூட்டி வேற, மரியாதை வேறம்மா" என்பார்.

வழக்கு விசாரணை ஒரு செவ்வாய்க்கிழமை வந்தது. அப்படி ஒரு விசாரணையை அந்த நீதிமன்றக் கட்டடம் பார்த்திருக்காது. வழக்கமாக விற்கிறவர் தன் சொத்து பத்தரை மாற்றுத் தங்கம் என்பார், வாங்குகிறவர் அதில் ஓட்டை கண்டுபிடிப்பார். இங்கே டீச்சர் கூண்டில் ஏறி, என் உரிமையில் குறை இருக்கிறது, நானே அதை நம்பவில்லை, இவர்கள் ஏன் நம்புகிறார்கள் என்றும் தெரியவில்லை என்று தன் சொத்தைத் தானே கழுவி ஊற்றினார். வக்கீலம்மா எழுந்து, அப்படியெல்லாம் சொல்லாதீர்கள், இருபது வருஷமாக வரி கட்டியது யார், பத்திரம் யார் பேரில் இருக்கிறது என்று டீச்சரின் சொத்தை டீச்சரிடமே தூக்கிப் பேசினார். பின் வரிசையிலிருந்து செக்கர் பாதி, பாதி என்று முனகிக்கொண்டிருந்தார். நீதிபதி இரண்டு தடவை நிமிர்ந்து, நீங்கள் இந்த வழக்கில் யாரும் இல்லை, சும்மா உட்காருங்கள் என்றார்.

அக்காவுக்கு இதில் ஒன்றும் முழுதாகக் காதில் ஏறவில்லை. நீதிபதியின் மூக்குக்கண்ணாடி பேச்சுக்குப் பேச்சு மூக்கிலிருந்து வழுக்கியது. அதைக் கழற்றி வாங்கி, இரண்டு திருகு திருகிக் கொடுத்துவிடலாம் என்று கை துறுதுறுத்தது. ஃப்ரேம்காரர் அவள் காதோரம் குனிந்து, மூக்குப்பட்டை தேய்ந்துபோச்சு என்று கிசுகிசுத்தார். அவரும் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார்.

அவள் கூண்டில் ஏறியபோது நீதிபதியே கேட்டார்.

"பத்திரம் எழுதித் தரச் சொல்லி நான் உத்தரவு போட்டாலும், தம்பியோட உரிமையைப் பத்தி இந்த வழக்குல நான் எதுவும் சொல்ல முடியாது. நாளைக்கு அவர் வழக்குப் போட்டு ஜெயிச்சா உங்களுக்குப் பாதிதான் மிஞ்சும். அது தெரிஞ்சுதான் கேக்குறீங்களா?"

"தெரியும் ஐயா" என்றாள் அக்கா. "அதுக்காகத்தான் பழைய நிலைக்கண்ணாடியை இன்னும் விக்காம வெச்சிருக்கோம்."

நிலைக்கண்ணாடி எங்கே வந்தது என்று நீதிபதிக்குப் புரியவில்லை. பத்தடி போவதையும் பத்தடி வருவதையும் அவள் கையால் காட்டி விளக்கினாள். அவர் கண்ணாடியை மேலே தள்ளிவிட்டுக்கொண்டு, சிரிப்பை மீசைக்குள் வைத்துக்கொண்டு, எழுதிக்கொண்டார்.

அதற்குப் பிறகுதான் வினை வந்தது. வக்கீலம்மா அதுவரை சேர்ந்த ஐம்பத்தெட்டு அட்டைகளையும் கட்டாக நீட்டினார். டீச்சரின் வக்கீல் அவற்றைச் சீட்டுக்கட்டு மாதிரி விரித்துப் பார்த்தார். எல்லாம் ஒரே மை, ஒரே கை என்றார். கண் டாக்டரின் சீட்டில் வீட்டுப் பத்திரமா என்று கேட்டு ஒரு வரிசையையே சிரிக்கவைத்தார். ஒரே ராத்திரியில் உட்கார்ந்து எழுதிய கட்டுக்கதை, இவர்கள் ஒரு நாள்கூட அந்த அலுவலகத்துப் பக்கம் வந்ததில்லை என்று மேசையைத் தட்டினார். தையல்காரரையும் விற்பனைக்காரரையும், வேண்டப்பட்டவர்கள் என்று ஒரே வார்த்தையில் ஒதுக்கித் தள்ளினார்.

ஃப்ரேம்காரரின் முகம் முதல் தடவையாகச் சுண்டிப்போனதை அக்கா பார்த்தாள். விளையாட்டு மாதிரி சேர்த்த அட்டைகளே இப்போது கூடத்தைத் தின்றுவிடும் போலிருந்தது.

"பொய்" என்று பின்வரிசையிலிருந்து ஒரு குரல் கேட்டது. செக்கர் எழுந்து நின்றிருந்தார். "வந்தாங்க. ரெண்டாவது வாரத்துல இருந்து வியாழன் தவறாம வந்தாங்க. நான்தான் பார்த்தேனே."

நீதிபதி பேனாவை வைத்தார். "நீங்க இந்த வழக்கில் யாரும் இல்லைன்னு ரெண்டு தடவை சொல்லிட்டேன்."

"அதனாலதான் ஐயா சொல்றேன். யாரும் இல்லாதவனுக்கு என்ன பொய் வேண்டிக்கிடக்கு? சீட்டு வாங்கினவனைச் சீட்டு இல்லாதவன்னு இறக்கிவிட்டா எனக்குத் தாங்காது."

வக்கீலம்மா கிடைத்த பிடியை விடுகிற ஆளா? அவரைச் சாட்சியாக விசாரிக்க அங்கேயே அனுமதி கேட்டார். டீச்சரின் வக்கீல் மறுக்க எழுந்தபோது, டீச்சர் பின்னாலிருந்து அவர் அங்கியைப் பிடித்து இழுத்து, உட்காருங்கள், பையன் பேசட்டும் என்றார். பையனுக்கு அறுபத்துநாலு வயது.

செக்கர் கூண்டில் ஏறி நோட்டைப் பிரித்து, வகுப்பில் வருகை படிக்கிற மாதிரி படித்தார். பத்து மணி ஐந்து நிமிஷம், நால்வர் வருகை. ஐந்து மணி, நால்வர் புறப்பாடு. பத்து மணி, நால்வர் வருகை. நீதிபதி ஒவ்வொரு அட்டையாக எடுத்துத் தேதி பார்த்துக்கொண்டே வந்தார். நாற்பதாவது தேதியில் செக்கர் நின்றுவிட்டார்.

"இந்த வியாழன் எனக்குத் தெரியாது ஐயா. காய்ச்சல்ல படுத்துட்டேன். அன்னைக்கு வந்தாங்களான்னு நான் சொல்ல மாட்டேன்."

டீச்சரின் வக்கீல் முகம் மலர்ந்தது. நீதிபதி அந்தத் தேதி அட்டையைத் தேடி எடுத்து, வலது கண் இன்றும் தயார், இடது கண் இன்றும் தயார் என்று படித்துவிட்டு, கீழே குறிப்புக்கு வந்தார். உரக்கப் படித்தார்.

"செக்கர் இன்று வரவில்லை. டீ ஒன்று மீந்துவிட்டது. உடம்புக்கு என்னவோ."

செக்கர் நோட்டை மூடி, அதன் அட்டையைச் சட்டையில் துடைத்து, பையில் வைத்துக்கொண்டார். ஃப்ரேம்காரர் தையல்காரரின் தொடையில் அடித்துச் சிரித்த சிரிப்பில், சேவகர் இரண்டு தடவை அதட்ட வேண்டியதாயிற்று.

தீர்ப்பு மூன்று வாரம் கழித்து வந்தது. தன் உரிமையில் குறை இருப்பதாகச் சொல்லி, விற்கிறேன் என்று கொடுத்த வாக்கிலிருந்து விற்பவர் நழுவ முடியாது, அந்தக் குறையோடே வாங்கிக்கொள்கிறேன் என்று வாங்குபவர் நிற்கும்போது. தனக்கு என்ன உரிமை உண்டோ அதை அவர் எழுதிக்கொடுக்க வேண்டும். தம்பியின் உரிமை பற்றி இந்த நீதிமன்றம் கூடவும் சொல்லவில்லை, குறையவும் சொல்லவில்லை. டீச்சருக்கு அது பரம நிம்மதி. நானாக விற்கவில்லை, கோர்ட்டு விற்கச் சொன்னது, குறை இருப்பதும் எழுத்தில் ஏறிவிட்டது என்றார். இனி அவர் மனசாட்சிக்கு வேலை இல்லை.

பதிவுக்கு நாள் குறித்தார்கள். அறுபத்தொரு தடவை எதுவும் மறக்காதவர்களுக்கு அறுபத்திரண்டாவது தடவை ஆள் குறைந்தது. லென்ஸ் விற்பனைக்காரரின் வண்டி பாதி வழியில் நின்றுவிட்டதாகச் செய்தி வந்தது. இரண்டாவது சாட்சி இல்லை. ஃப்ரேம்காரர் பெஞ்சுக்கும் வாசலுக்கும் நடந்தார். பெஞ்சின் மறுமுனையில், துண்டைப் போட்டு இடம் பிடித்து வைத்துக்கொண்டு, செக்கர் உட்கார்ந்திருந்தார்.

டீச்சர் தம்பியைப் பார்த்தார். "என்னடா பார்த்துக்கிட்டு உக்காந்திருக்க. வா, வந்து கையெழுத்துப் போடு."

"போட்டா என் பாதி போயிடுமா?"

சாட்சிக் கையெழுத்தால் மட்டும் யார் உரிமையும் போகாது என்று வக்கீலம்மா சொன்னார். செக்கர் அதை இன்னொரு தடவை சொல்லச் சொல்லி, நோட்டில் குறித்துக்கொண்டு, பிறகு எழுந்து வந்து போட்டார். அழகான கையெழுத்து.

செக்கர் அதற்குப் பிறகு வழக்குப் போடவில்லை. போடுவேன், போடுவேன் என்று மட்டும் வருஷா வருஷம் கண் பரிசோதனைக்கு வரும்போது சொல்லிவிட்டுப் போகிறார். அவருக்காகக் கூடத்தின் நடுவில் அந்தக் கோட்டை டெஸ்ட் அக்கா விட்டுவைத்திருக்கிறாள். மங்கினால் அவரே சுண்ணாம்புக்கட்டி கொண்டுவந்து புதுப்பிப்பார்.

அந்தக் கூடத்தில் நடந்த முதல் பரிசோதனையும் அவருக்குத்தான். நிலைக்கண்ணாடியைத் துணி சுற்றிக் கதவுக்குப் பின்னால் சாத்திவிட்டு, ஒரு சுவர் ஓரம் நாற்காலி, எதிர்ச்சுவரில் புதிதாக வாங்கிய நேரெழுத்துப் பலகை. அக்கா அவர் மூக்கில் சோதனைச் சட்டத்தை மாட்டி லென்ஸைச் செருகினாள்.

"நான் உக்காந்திருக்கிறது யார் பாதியில?" என்று கேட்டார் செக்கர்.

"உங்க பாதியிலதான்."

"எழுத்து?"

"அது எங்க பாதி."

"அப்ப கவனமாப் படிக்கணும்" என்று நிமிர்ந்து உட்கார்ந்தார்.

ஃப்ரேம்காரர் குச்சியோடு பலகைக்குப் பக்கத்தில் போய் நின்றார். பன்னிரண்டு வருஷம் பத்தரை அடிக்குள் அவர் எப்போதும் அவள் முழங்கை தட்டும் தூரத்தில்தான் இருந்தார். அவரைப் பார்க்க வேண்டும் என்று தோன்றினால் நிலைக்கண்ணாடியில் இடம்வலம் மாறித்தான் தெரிவார். இப்போது கோட்டுக்கு அந்தப் பக்கம், நீலச் சட்டையில், முதல் வரியின் கீழே குச்சியை வைத்துக்கொண்டு, சிரிப்பை அடக்க முடியாமல் நின்றார். சட்டையின் மூன்றாவது பொத்தான் மட்டும் வேறு நூலில் தைத்திருந்தது. அதுகூட அவளுக்குத் தெரிந்தது.

"தெளிவாத் தெரியுதா?" என்று செக்கரிடம் கேட்க வேண்டியதை அவள் கேட்க மறந்தாள்.

"என்னம்மா, டெஸ்டை ஆரம்பிக்கலையா?" என்று பலகைப் பக்கமிருந்து ஃப்ரேம்காரர் கேட்டார். "நான் தயார்."